தூங்காபுரிக் கோயில் எந்த மாவட்டத்தில் இருக்கிறது?

நீதிமன்றத்தில் இப்போது பேச்சையெல்லாம் பதிவு செய்கிற இயந்திரம் வைத்துவிட்டார்களாம். அதைச் சொல்வதற்காக சிரம்பான் பக்கம் அம்பாங்கானில் இருக்கும் என் வீடு தேடி இளம் மொழிபெயர்ப்பாளர்கள் சிலர் வந்தார்கள். "இனிமே யாரும் நம்ம மேல கொற சொல்ல முடியாது லா, அங்கிள். பேசினது பூரா டேப்புல இருக்கும்" என்றான் ஒருவன், காப்பியைக் குடித்துக்கொண்டே. பேசியது பூராவும் டேப்பில் இருந்துவிட்டால் உலகம் சரியாகிவிடும் என்று நம்புகிற வயது. ஓய்வு பெற்றவர்களின் அனுபவங்களைத் தொகுத்து மலர் போடப் போகிறார்களாம். நான் பார்த்ததிலேயே கடினமான வழக்கைப் பற்றி எழுதித் தர வேண்டுமாம். கொலை, கொள்ளை என்று எதையோ எதிர்பார்க்கிறார்கள். என் உயிரை வாங்கிய வழக்கில் கொலையும் இல்லை, கொள்ளையும் இல்லை. ஒரு கோயில்தான் இருந்தது. சரியாகச் சொன்னால் அந்தக் கோயிலும் இல்லை. இதை எந்தப் பக்கத்தில் போடுவார்களோ தெரியாது. கேட்டார்கள், எழுதுகிறேன்.

என் பயிற்சியைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. அப்பா தோட்டத்து ஆஸ்பத்திரியில் புண்ணுக்குக் கட்டுப் போடுகிறவர். தொழிலாளர் குடியிருப்பான லயத்துப் பேச்சு பிறப்பிலேயே வந்தது. ஆங்கிலம் சிரம்பானில் பாதிரிமார் பள்ளிக்கூடத்தில் பிரம்படியோடு வந்தது. மலாய் கடைத்தெருவில் தானாக வந்து ஒட்டிக்கொண்டது. மலாயாவில் கம்யூனிஸ்டுகளை ஒடுக்க வெள்ளைக்காரர்கள் அவசரகாலம் அறிவித்த கையோடு போலீசுக்கு இந்த மூன்றும் தெரிந்த ஆட்கள் தேவைப்பட்டார்கள். ஒரு பத்தியைக் கொடுத்து வாசிக்கச் சொன்னார்கள், வாசித்தேன், நாளைக்கே வா என்றார்கள். மிச்சத்தைப் பொன்னையா ஐயா பார்த்துக்கொண்டார்.

பொன்னையா ஐயா எங்கள் தலைமை மொழிபெயர்ப்பாளர். யாழ்ப்பாணத்துக் கிறிஸ்தவர். எந்த வெயிலிலும் வெள்ளைக் கோட்டின் பொத்தானைக் கழற்ற மாட்டார். கைக்குட்டையில் வாசனைத் தைலம் இரண்டு சொட்டு விட்டுக்கொண்டுதான் விசாரணை அறைக்குள் நுழைவார். சாட்சியின் பக்கத்திலும் உட்கார மாட்டார், அதிகாரியின் பக்கத்திலும் உட்கார மாட்டார். நாற்காலியைத் தானே தூக்கி வந்து நடுவில் ஓர் இடம் பார்த்துப் போட்டுக்கொள்வார். அந்த இடத்தைக் கண்டுபிடிக்க அவருக்கு ஆகும் நேரத்தில் ஒரு சிறு வழக்கையே முடித்துவிடலாம். ஒரு முறை நாற்காலி சற்று நகர்ந்துவிட்டால் மறுபடி முதலிலிருந்து.

"தம்பி, நீர் உம்மட வாயை வாடகைக்குக் குடுத்திட்டீர். வாடகைக்குக் குடுத்த வீட்டுக்குள்ள போய்ப் படுக்கேலாது. விளங்குதோ?" என்பார். சாட்சி 'நான்' என்றால் நானும் 'நான்' என்றே சொல்ல வேண்டும். அவன் திட்டினால் நானும் அதே சூட்டோடு திட்ட வேண்டும். கூட்டக் கூடாது, குறைக்கக் கூடாது, விளக்கக் கூடாது. அறைக்கு வெளியே சாட்சியோடு ஒரு வார்த்தை பேசக் கூடாது. எனக்கென்று ஏதாவது சொல்ல வேண்டியிருந்தால்?

"எழும்பும். ஒரு அடி தள்ளி நில்லும். 'மொழிபெயர்ப்பாளர் சொல்வது' எண்டு துவங்கும். சொல்லிப்போட்டு வந்து இரும்."

"நீங்க எத்தன தடவ அப்படி எழுந்திருக்கீங்க ஐயா?"

"ஒருக்கா. மழைச்சாரல் அடிச்சது. யன்னலைச் சாத்தச் சொன்னனான்."

இப்படிப்பட்டவரிடம் வேலை கற்றுக்கொள்வது எவ்வளவு பெரிய அவஸ்தை என்று மலர் போடுகிற தம்பிமார்களுக்குப் புரியாது. ஒரு முறை கோழி திருடிய வழக்கில் ஒரு கிழவர் மாஜிஸ்திரேட்டைப் பார்த்து, "ஒனக்கு மூளைன்னு ஒண்ணு இருக்கா, இல்ல அதையும் சீமையிலேயே வச்சிட்டு வந்துட்டியா?" என்று கேட்டுவிட்டார். நான் அதை அப்படியே ஆங்கிலத்தில் கேட்டேன். மாஜிஸ்திரேட் என்னைப் பார்த்துச் சிவந்தார், கிழவரைப் பார்க்கவில்லை. தண்டனை கிழவருக்கு, முறைப்பு எனக்கு. பின்வரிசையில் இருந்த பொன்னையா ஐயா மட்டும் வெளியே வந்து, "வடிவாச் சொன்னீர்" என்றார். அவர் என்னைப் பாராட்டியது அது ஒன்றுதான் என்று நினைக்கிறேன்.

இனி அந்தக் கோயிலுக்கு வருகிறேன்.

ரந்தாவ் பக்கத்தில் ஒரு ரப்பர் தோட்டம். அந்தக் காலத்தில் எல்லாத் தோட்டங்களையும் போல அதற்கும் முள்கம்பி வேலி போட்டிருந்தார்கள். சிதறிக் கிடந்த லயங்களைப் பிரித்து, சனங்களை எல்லாம் வேலிக்குள் நெருக்கி வைத்திருந்தார்கள். காட்டில் ஒளிந்திருந்த கம்யூனிஸ்டுகளுக்கு உணவு போகக் கூடாது என்பதற்காக, பால்வெட்டுக்குப் போகிறவர்களைக் காலையில் வாசலில் நிறுத்திச் சோதிப்பார்கள். வாளியைக் கவிழ்ப்பார்கள், தலைத்துண்டை அவிழ்ப்பார்கள். ஒரு பிடி அரிசி அகப்பட்டாலும் போச்சு. அப்படி அகப்பட்டவர்களில் ஒருவன் மாரியப்பன். அரிசி யாருக்கு என்று கேட்டார்கள். எனக்குத்தான், வெட்டுக்காட்டில் பொங்கித் தின்ன என்றான். யார் நம்புவார்கள்? லாரியில் ஏற்றிப் போனார்கள், பல மாதம் அடைத்து வைத்தார்கள், கடைசியில் இந்தியாவுக்குக் கப்பல் ஏற்றிவிட்டார்கள். அப்படிப் பலரைக் கப்பலேற்றிய காலம், சிறு பிள்ளைகளுக்கும் அது தெரியும். அவன் பெண்டாட்டி முன்பே இறந்துவிட்டாள். பூமாயி என்று ஒரே மகள். ஆறு வயது இருக்கும். அப்பனைக் கப்பலேற்றிய செய்தி தோட்டத்தில் பெரியவர்கள் எல்லாருக்கும் தெரியும். அந்தப் பிள்ளையிடம் சொல்ல மட்டும் ஒருவருக்கும் மனசு வரவில்லை.

பூமாயியை வளர்த்தது வீராயி. தோட்டத்து ஆயாக்கொட்டகையில் அவளுக்கு வேலை. தாய்மார்கள் பால்வெட்டுக்குப் போனபின் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்கிற வேலை. ஆயா என்றதும் கிழவி என்று நினைத்துவிட வேண்டாம். நாற்பதைத் தாண்டாத, வாட்டசாட்டமான பெண்பிள்ளை. பிள்ளைகுட்டி இல்லாதவள். அந்தத் தோட்டத்திலேயே பிறந்து, சிரம்பானைக்கூட இரண்டு மூன்று தரம்தான் பார்த்தவள். கொட்டகைச் சுவரில் இருந்த ஓட்டையை மறைக்க, தோட்டத்தில் கணக்கெழுதும் கிராணியின் மனைவி ஒரு பழைய காலண்டர் படத்தைக் கொடுத்திருக்கிறார். ஏதோ வெளிதேசத்துப் பேராலயம். வானத்தைக் குத்துகிற கோபுரங்கள், மீன்முள் மாதிரி கல்வேலைப்பாடு. மத்தியானம் பிள்ளைகளைத் தூங்கவைக்க வீராயி அந்தப் படத்தைக் காட்டிக் கதை கட்ட ஆரம்பித்தாள்.

தூங்காபுரி என்று ஓர் ஊர். அங்கே யாருக்கும் தூக்கமே வராது. அவர்களுக்கெல்லாம் சேர்த்து ஒரு பெரிய மாதா கோயில் தூங்குகிறது. தோட்டத்துப் பிள்ளைகள் கண்ணை மூடினால்தான் அந்தக் கோயில் மூச்சு விடும், ஒவ்வொரு மூச்சுக்கும் ஒரு கல் வளரும். குறும்பு பண்ணி விழித்துக்கொண்டிருந்தால் தூணெல்லாம் கும்பிட்டபடி கீழே குனிந்துவிடும். மணிக்கு நாக்கு கிடையாது. கதவு ஓர் இடத்தில் நிற்காது. உள்ளே ஒரு பானை. எத்தனை பேருக்குப் போட்டாலும் சோறு குறையாது. மாரியப்பன் போனபின் கதையில் ஓர் ஆள் கூடினான். பூமாயியின் அப்பன் அந்தக் கோயிலில் மணியடிக்கப் போயிருக்கிறான் என்றாள் வீராயி.

பிள்ளைகள் தூங்கி எழுந்ததும் காட்டுப் பக்கத்து வேலியோரம் போய் நிற்பார்கள், கோயில் இன்றைக்கு எவ்வளவு வளர்ந்திருக்கிறது என்று பார்க்க. மற்றப் பிள்ளைகள் சற்று நேரத்தில் ஓடிவிடுவார்கள். பூமாயி தாய்மார்கள் வெட்டிலிருந்து திரும்பும்வரை அங்கேயே நிற்பாள். ஒரு நாள் தோட்டத்து வெள்ளைக்காரத் துரை சுற்றிப் பார்க்க வந்தார். தோட்டத் தமிழ் அவருக்குப் பேச வரும். "ஏய், அங்கே என்னா பாக்குது?" என்று கேட்டிருக்கிறார்.

"கோயிலு தொரை! பூமாயி அப்பா அங்கதான் மணியடிக்கிறாரு! அங்க சோறு கொறையவே கொறையாது தொரை!"

காட்டுக்குள் குறையாத சோறு. மணியடிக்க மாரியப்பன். துரை நேரே போய் டெலிபோனை எடுத்துவிட்டார். கொட்டகைக்குள் எட்டி அந்தக் காலண்டரைப் பார்த்திருந்தால் என் பிராணன் தப்பியிருக்கும்.

வீராயியை நான் வேலை பார்த்த போலீஸ் நிலையத்துக்குக் கொண்டுவந்தார்கள். விசாரித்த அதிகாரி இங்கிலாந்திலிருந்து வந்து அதிக நாள் ஆகாத இளைஞர். கால் நீளம் என்பதால் கொக்குத்துரை என்று எங்கள் ஆட்கள் பெயர் வைத்திருந்தார்கள். கெட்டவர் இல்லை, ஆனால் எதையும் எழுத்துப் பிசகாமல் செய்கிறவர். கேள்வியை முதலில் எழுதுவார், பிறகு படிப்பார். நான் தமிழில் கேட்பேன். பதிலை ஆங்கிலத்தில் சொல்வேன். அவர் எழுதி, வாசித்துக் காட்டுவார். அதை மறுபடியும் நான் அவளுக்குத் தமிழில் சொல்லி, அவள் ஆமாம் என்ற பிறகுதான் அடுத்த கேள்வி. இந்த முறையில் ஒரு குறை இருக்கிறது. வாசித்துக் காட்டியதும் சாட்சி ஆமாம் என்று சொல்லிவிட வேண்டும். வீராயி ஒரு நாளும் வெறும் ஆமாம் சொன்னவள் இல்லை.

"தூங்காபுரி எங்கே இருக்கிறது?"

"காட்டுக்கு அந்தாண்டங்க."

"எவ்வளவு தூரம்?"

"கண்ண மூடுனா கிட்டக்க. தொறந்தா தூரம்."

அதை அப்படியே சொன்னேன். கொக்குத்துரை என்னைப் பார்த்தார். நான் சுவரைப் பார்த்தேன்.

"அங்கே இருப்பவர்களிடம் ஆயுதம் உண்டா?"

"எதுக்குங்க ஆயுதம்? கதவே ஒரு எடத்துல நிக்காது. எவன் எந்தப் பக்கமா பூருவான்?"

எழுதினார். வாசித்தார். கதவு ஓரிடத்தில் நிலையாக இருப்பதில்லை. சரிதானா?

"ஆமாங்க. வெள்ளிக்கெழம மட்டும் தலமுழுவப் போயிரும். அன்னிக்குச் செவுத்துல ஓட்டதான் இருக்கும். அதையும் எழுதிக்கச் சொல்லுங்க கிராணியய்யா."

நான் கிராணியும் இல்லை, ஐயாவும் இல்லை. அரசாங்கச் சம்பளம் வாங்கிக்கொண்டு, ஒரு கதவு வெள்ளிக்கிழமை எண்ணெய் தேய்த்துக் குளிக்கப் போகிறது என்று ஒரு வெள்ளைக்காரரிடம் 'நான்' போட்டுச் சொல்லிக்கொண்டிருந்தவன். அவர் அதையும் எழுதினார். எனக்கு வந்த ஆத்திரத்தில் மேசையைக் கவிழ்த்துவிடலாம் போலிருந்தது. 'கதைதானுங்க, புள்ளைங்கள தூங்க வைக்கச் சொன்னது' என்று ஒரு வார்த்தை சொன்னால் அன்று மாலையே வீட்டுக்குப் போய்விடலாம். அந்த ஒரு வார்த்தையைத் தவிர வாயில் என்னென்னவோ வருகிறது. அவளுக்காக நான் சொல்லலாமா? வாடகைக்குக் கொடுத்த வாய்.

மறுநாள் முதல் கேள்வி: "மணியடிப்பவன் பெயர்?"

"மாரியப்பன். மணிக்கு நாக்கில்ல பாருங்க, அதான் கையால தட்ட ஆள் வேண்டியிருக்கு."

கொக்குத்துரை எழுந்துபோய் பழைய கோப்பு ஒன்றை எடுத்துவந்து புரட்டினார். மாரியப்பன் கப்பலேறிய விவரம் அதில் இருந்தது. வெகுநேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, எழுதாமலே ஒரு கேள்வி கேட்டார். அந்த மனிதர் எழுதாமல் கேட்டதை அன்றுதான் முதலில் பார்த்தேன்.

"அவனுடைய மகளுக்குத் தெரியுமா?"

வீராயி இல்லையென்று தலையை ஆட்டினாள். "எப்புடிங்க சொல்றது? அப்பன் எங்கன்னு தெனமும் கேட்டுச்சு. கோயில்ல இருக்கான்னேன். பொய்தானேன்னு கேட்டுச்சு. அதுக்குப் பொய் புடிக்காது. சோறு எறங்கல, ஒடம்பு அனலாக் கொதிக்குது. சூடத்தக் கொளுத்தி உள்ளங்கையில வச்சி அணைச்சு, அந்தக் கோயிலு நெசம், ஒங்கப்பன் அங்கதான் இருக்கான்னு சத்தியம் பண்ணிட்டேன். அப்புறந்தான் சாப்புட்டுச்சு."

கையை விரித்துக் காட்டினாள். நடுவில் கருத்த தழும்பு. சூடத்தில் அடித்த சத்தியத்தை எங்கள் சனம் எதற்காகவும் மீறாது. மீறினால் வாய் அவிந்துபோகும் என்று நம்புகிறவர்கள். எதற்கெடுத்தாலும் சத்தியம் செய்கிற ஆட்களும் சூடம் என்றால் எழுந்து போய்விடுவார்கள். இதையெல்லாம் நான் விளக்கக் கூடாது. நல்லவேளை, அவளே சொன்னாள்.

கொக்குத்துரைக்குப் புரிந்துவிட்டது. புரிந்த மனிதர் அதோடு அவளை அனுப்பிவிட்டாரா? அதுதான் இல்லை. முதல் நாள் எழுதியதெல்லாம் அதற்குள் மேலிடத்துக்குப் போய்விட்டது. மேலிடம் சுருக்கமாகப் பதில் அனுப்பியது. இடத்தை வரைபடத்தில் காட்டச் சொல், அல்லது சொன்னது பொய் என்று வாக்குமூலம் வாங்கு. இரண்டும் இல்லையென்றால் அவளையும் கப்பலேற்ற எழுதிவிடு.

இதை அவளிடம் சொன்னோம். இந்தியா என்றதும் வீராயி எழுந்துவிட்டாள். "அங்க எனக்கு ஆரு இருக்கா? தூங்காபுரியாவது எனக்குத் தெரியும். இந்தியாவ எனக்குத் தெரியாதுங்களே."

"அப்படியானால் பொய் என்று சொல்லிவிடு."

"சூடத்துல அடிச்சிருக்கேங்க."

"இந்த அறையில் சொல்வது அந்தப் பிள்ளைக்கு எப்படித் தெரியும்?"

அவள் கதவைப் பார்த்தாள். அங்கே காவலுக்கு நின்றவன் சன்னாசி, அதே தோட்டத்துப் பையன், சிறப்புக் காவல் படையில் சேர்ந்தவன். அவன் காது எவ்வளவு நீளம் என்பது எல்லாருக்கும் தெரியும். காலையில் நாங்கள் பேசியது சாயங்காலம் லயத்துக் குழாயடியில் ஓடும்.

மறுநாள் வரைபடம். சுவரில் எங்கள் நெகிரி செம்பிலான் மாநிலம் முழுவதும் தொங்கியது. கொக்குத்துரை ஒரு குச்சியால் ஒவ்வோர் இடமாகத் தொட்டார். ரந்தாவ் பக்கத்துக் குன்றா? இல்லீங்க. சுவா பக்கத்துக் காடா? இல்லீங்க. இந்த ஆற்றங்கரையா? அந்த மலையடிவாரமா? இல்லீங்க, இல்லீங்க. நானும் 'இல்லை, இல்லை' என்று கிளிப்பிள்ளையாகச் சொல்லிக்கொண்டிருந்தேன். நாக்கு வறண்டுவிட்டது.

குச்சியைக் கீழே வைத்துவிட்டு அவர் திடீரென்று, தான் ஒரு பேராலயத்தின் நிழலில் வளர்ந்தவன் என்றார். வீட்டு ஜன்னலைத் திறந்தால் அதன் கோபுரம்தானாம். அவ்வளவு உயரக் கூரையை எது தாங்குகிறது, வெளிச்சுவருக்கு முட்டுக் கொடுக்கிற கல் வளைவுகள் உண்டா என்று கேட்டார். அவர் சொன்ன சொற்களுக்கு எனக்குத் தமிழ் தெரியாது. கையையெல்லாம் வளைத்துக் காட்டி ஒப்பேற்றினேன்.

"முட்டுக் குடுத்தா அது மாட்டுக்கொட்டாங்க" என்றாள் வீராயி. "புள்ளைங்க தூங்குறப்ப விடுற மூச்சு இருக்கு பாருங்க, அதுமேலதான் கூர நிக்குது."

அதை ஆங்கிலத்தில் சொல்லி முடித்தேன். கொக்குத்துரை பேனாவை மூடி வைத்துவிட்டார். இந்தப் பெண்பிள்ளையைக் கப்பலேற்றும் கடிதத்தில் தன் கையெழுத்து இருக்கும் என்று நினைத்தாரோ என்னவோ. எனக்கும் தாங்கவில்லை. மூன்று பேரும் உண்மை தெரிந்தவர்கள். மூன்று பேரும் வாயைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறோம். அவளுக்குச் சூடம், அவருக்கு மேலிடம், எனக்குப் பொன்னையா ஐயா.

அப்போதுதான் அந்த வரைபடத்தின் ஓரத்தைப் பார்த்தேன். எங்கள் மாநிலத்தோடு அது முடிந்துவிட்டிருந்தது. அதற்கு வெளியே ஒருவரும் குச்சியைக் கொண்டுபோகவில்லை.

எழுந்தேன். ஒரு அடி தள்ளி நின்றேன். "மொழிபெயர்ப்பாளர் சொல்வது" என்று ஆரம்பித்தேன். "சாட்சியிடம் இதுவரை கேட்கப்படாத கேள்வி ஒன்று இருக்கிறது. அந்தக் கோயில் இந்த நாட்டில்தான் இருக்கிறதா என்று யாரும் கேட்கவில்லை." சொல்லிவிட்டு வந்து உட்கார்ந்தேன்.

கொக்குத்துரை மெல்லப் பேனாவைத் திறந்தார். கேள்வியை எழுதினார். படித்தார். நான் தமிழில் கேட்டேன்.

நான் கேட்டு முடிப்பதற்குள் பதில் சொல்கிறவள், அன்று தன் உள்ளங்கையைப் பார்த்தாள். அவளுக்குப் பளிச்சென்று வழி தெரிந்திருக்கும், சிரிப்பாள் என்று நான் எதிர்பார்த்தேன். அவள் அந்தத் தழும்பைத் தேய்த்துக்கொண்டே இருந்தாள்.

"இந்த நாட்டுல இல்லீங்க" என்றாள் கடைசியில்.

"சிங்கப்பூரில்?"

"அங்கயும் இல்லீங்க."

"தோட்டத்திலிருந்து ஒருவர் அங்கே நடந்து போகவோ, அங்கிருந்து நடந்து வரவோ முடியுமா?"

என்னைப் பார்த்து, "கிராணியய்யா, இது வெளிய போவுமா?" என்று கேட்டாள். சாட்சி கேட்பதற்கு நான் பதில் சொல்லக் கூடாது. அதையும் ஆங்கிலத்தில் சொன்னேன். இது என் கோப்பில் மட்டும்தான் இருக்கும் என்றார் கொக்குத்துரை. அதைத் தமிழில் சொன்னேன். கதவருகே சன்னாசி வாயைப் பொத்திச் சிரித்துக்கொண்டிருந்தான்.

"நடந்து போவ முடியாதுங்க. வரவும் முடியாது."

வாசித்துக் காட்டினோம். வாழ்க்கையில் முதல்முறையாக, ஒன்றும் சேர்க்காமல், ஆமாம் என்றாள்.

கோப்பில் ஏறியது இது: மேற்படி கோயில் மலாயாக் கூட்டரசின் எல்லைக்குள் இல்லை, கால்நடையாக அடையத்தக்கதும் அல்ல. மேலிடம் இதை ஏற்றுக்கொண்டது! இத்தனை நாள் என் கழுத்தை அறுத்த மேலிடம், எல்லைக்கு வெளியே இருந்தால் நமக்கு அதிகாரமில்லை, விட்டுவிடு என்று எழுதிவிட்டது. சிரிப்பதா, தலையில் அடித்துக்கொள்வதா என்று எனக்குத் தெரியவில்லை. பொன்னையா ஐயாவிடம் போய்ச் சொன்னேன். ஓர் உயிரை மீட்டிருக்கிறேன், ஏதாவது சொல்வார் என்று நின்றேன்.

"ஒரு அடி தள்ளித்தானே நிண்டனீர்?"

"ஆமா ஐயா."

"எந்தப் பக்கம்?"

"வலது பக்கம்."

"சரி" என்று கைக்குட்டையை மடித்துக்கொண்டார். அந்த மனிதரை என்ன செய்வது?

விடுதலையைத் தோட்டத்துக் கிராணிக்கு முறைப்படி தெரிவிக்க நானும் லாரியில் வீராயியோடு போனேன். வெட்டு முடிந்து சனங்கள் திரும்பிய நேரம். சன்னாசி முந்திக்கொண்டுவிட்டான். வாசலில் பெண்கள் கூட்டமாக நின்று சிரித்துக்கொண்டிருந்தார்கள். "ஆயா, நீ கெட்டிக்காரி லா! கோயிலு இந்த நாட்டுலயே இல்லன்னு சொல்லி வெள்ளக்காரன ஏமாத்திட்டியே! நடந்து போவ முடியாதாமே!" குழாயடியிலிருந்து ஒருத்தி அதையே உரக்கச் சொல்லிச் சிரித்தாள். கப்பல் விஷயத்தை இத்தனை மாதமாக அந்தப் பிள்ளையின் காதில் விழாமல் பொத்திப் பொத்தி வைத்த அதே சனங்கள்தான். இது கோயில் விஷயம்தானே என்று ஒருவருக்கும் நாக்கைக் கட்டத் தோன்றவில்லை. எனக்கும் அந்த அறையில் தோன்றவில்லை. தோன்றியது வீராயி ஒருத்திக்குத்தான்.

பூமாயி காட்டுப் பக்கத்து வேலியில் இல்லை. லாரி வருகிற வாசலில் நின்றிருந்தாள். வீராயி இறங்கியதும் ஓடிவந்து கட்டிக்கொள்வாள் என்று நினைத்தேன். அவள் வரவில்லை. எலும்பும் தோலுமான பிள்ளை, மேலே அண்ணாந்து பார்த்து, கூட்டத்தில் எல்லாருக்கும் கேட்கும்படி கேட்டாள்.

"ஆயா, நடந்து வர முடியாதுன்னா, எங்கப்பாவ கப்பல்ல ஏத்திட்டாங்களா?"

சிரிப்பு நின்றுவிட்டது. குழாயில் தண்ணீர் மட்டும் கொட்டிக்கொண்டிருந்தது, யாரும் அதை மூடவில்லை.

வீராயி திரும்பி என்னைப் பார்த்தாள். இத்தனை நாளும் அவளிடம் யார் எதைக் கேட்டாலும் அது என் வழியாகத்தான் போனது, அவள் சொன்ன பதிலும் என் வழியாகத்தான் வந்தது. அந்தப் பழக்கத்தில் பார்த்தாளோ, இல்லை, நீதானே அந்தக் கேள்வியைக் கேட்கச் சொன்னாய் என்று பார்த்தாளோ, இன்றுவரை எனக்குத் தெரியாது. அங்கே எனக்கு வேலை இல்லை. கேட்டதும் தமிழ், சொல்ல வேண்டியதும் தமிழ்.

வீராயி மண்ணில் உட்கார்ந்து பிள்ளையை மடியில் இழுத்துக்கொண்டாள். "ஆமாடா" என்றாள்.